குக்கர் விசிலும் ஒரு பழைய கார்ட்டூனும்

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. முழங்கால் வலி குறைந்ததில் சந்தோஷம். இங்கே மகளும் பேரனும் வந்திருக்கிறார்கள். அவனுக்கு இரண்டரை வயது. இன்னும் பேச்சு வரவில்லை. ஆனால் குக்கர் விசில் மாதிரி கத்துவான் பார், நேற்றுகூட மகள் அடுப்பை அணைக்க ஓடினாள். அடுப்பில் குக்கரே இல்லை!

அவனை மடியில் வைத்துக்கொண்டு ஓர் அமெரிக்கக் கார்ட்டூன் பார்த்தேன். 'ஜெரால்டு மெக்போயிங்-போயிங்', 1950இல் வந்தது, ஏழு நிமிடம்தான். கதை, குழந்தைகளுக்குப் புத்தகம் எழுதிய டாக்டர் சூஸ் உடையது. ஜெரால்டுக்கு வார்த்தையே வராது, வாயைத் திறந்தால் 'போயிங்' மாதிரிச் சத்தங்கள்தான். அவனைப் பார்க்கிற வைத்தியர் கைவிரிக்கிறார், பள்ளிக்கூடம் திருப்பி அனுப்புகிறது. ராத்திரியில் வீட்டை விட்டு ஓடுகிறவனை ஒரு ரேடியோ நிலைய முதலாளி அழைத்துப்போகிறார். ரேடியோ நாடகத்துக்கு வேண்டிய குதிரைக் குளம்புச் சத்தம், துப்பாக்கிச் சத்தம் எல்லாம் ஒரே வாயில் கிடைத்தால் விடுவாரா?

படம் வரைந்திருக்கிற விதம்தான் என்னைக் கட்டிப்போட்டது. வீட்டுக்குச் சுவரே கிடையாது. நாலு கோட்டில் ஒரு கதவு, ஒரு நாற்காலி. மீதியெல்லாம் வெறும் நிறம். பையன் மனசு ஒடிய ஒடிய அந்த நிறமும் இருண்டுகொண்டே போகிறது. செய்தவர்கள் யூபிஏ என்ற ஸ்டூடியோ, இயக்கியவர் ராபர்ட் கேனன். 1941இல் டிஸ்னியில் நடந்த வேலைநிறுத்தத்துக்குப் பிறகு வெளியே வந்த ஓவியர்கள் சேர்ந்து தொடங்கிய இடம் அது. மயிர்க்கால்வரை வரைந்து காட்டும் டிஸ்னி பாணியே வேண்டாம் என்றிருந்தவர்கள். ஜெரால்டு வந்த வருஷத்து ஆஸ்கர் போட்டியில் டாம் அண்ட் ஜெர்ரி படமும் இருந்தது, ஜெயித்தது ஜெரால்டு. பிற்பாடு டிவிக்குக் கார்ட்டூன் செய்தவர்கள் பலர் இவர்களுடைய சிக்கனத்தை மட்டும் எடுத்துக்கொண்டு அழகை விட்டுவிட்டார்கள்.

ஒன்றுதான் எனக்கு உறுத்துகிறது. பையன் பேர் வாங்கிய பிறகுதான் அப்பாவுக்குப் பெருமை வருகிறது. ரேடியோக்காரர் வராமலே போயிருந்தால்? மகளிடம் கேட்டேன். "அப்பா, அது கார்ட்டூன்" என்றாள். பேரனோ பாதியிலேயே மடியிலிருந்து இறங்கிப் பாத்திரம் தட்டப் போய்விட்டான்.

அப்புறம், ஹாஸ்டலில் வார்டன் செருப்புச் சத்தத்தை வாயாலேயே போட்டு எங்களை விளக்கணைக்க வைப்பாயே, இன்னும் வருகிறதா? அடுத்த மாதம் வரும்போது அவனுக்குச் செய்து காட்டு. பல் கட்டியிருப்பதைச் சாக்காகச் சொல்லாதே.

அன்புடன்,
ரகு