மேடை ஏறுவதற்கு முன்

அன்பு மகனுக்கு,

தேர்தல் பிரச்சாரத்துக்குக் கூப்பிடுகிறார்கள், போகலாமா என்று கேட்டிருந்தாய். எந்தக் கட்சி என்பது உன் பாடு. குணச்சித்திர நடிகனுக்கு அடி எங்கே விழும் என்பதை மட்டும் தெரிந்துகொண்டு ஏறு.

ஹீரோ கட்சி பேசினால் படம் தள்ளிப்போகும், அவ்வளவுதான். அவனை வெட்டிவிட்டுப் படத்தை வெளியிட முடியாது. உன்னை வெட்டலாம். உன் நான்கு சீனில் மூன்றை எடிட்டிங்கில் தூக்கினால், நீளம் குறைந்ததே என்று விநியோகஸ்தர் சந்தோஷப்படுவார். உனக்கு ஒரு போன்கூட வராது. அதனால் பாக்கிச் சம்பளத்தை டப்பிங்குக்கு முன்பே வாங்கிவிடு. குரல் கொடுத்து முடித்தபின் உன் கையில் பிடி ஒன்றும் இல்லை.

டப்பிங்கில் இன்னொரு சங்கதி. நீ மேடை ஏறிய பிறகு உன் வசனம் ஒவ்வொன்றுக்கும் உள்ளர்த்தம் தேடுவார்கள். சென்சாரில் ஒரு சொல்லை மியூட் செய்யச் சொன்னால் திரையில் வாய் அசையும், சத்தம் வராது. அழ வேண்டிய சீனில் தியேட்டர் சிரிக்கும். இல்லாவிட்டால் வேறு யாரையாவது வைத்து அந்த ஒரு சொல்லை ஒட்டுவார்கள், அது இன்னும் கொடுமை. சந்தேகமான சொல்லுக்கு மாற்றையும் அன்றைக்கே பேசிக் கொடுத்துவிடு. ம, ப இரண்டுக்கும் உதடு ஒட்டும். 'மந்திரி' என்று வாயசைத்த இடத்தில் 'பங்காளி' உட்காரும். 'அதிகாரி' உட்காராது, முதல் எழுத்திலேயே காட்டிக்கொடுத்துவிடும்.

தேர்தல் தேதி அறிவித்துவிட்டால் ஷூட்டிங்கும் நொண்டும். தெருவில் எடுக்கப் போலீஸ் அனுமதி இழுபடும். கணக்குக் காகிதம் இல்லாமல் 50,000 ரூபாய்க்கு மேல் ரொக்கம் கொண்டுபோனால் பறக்கும் படை பிடித்துக்கொள்ளும். யூனிட்டுக்குத் தினப்படியாகக் கொடுக்கும் பேட்டா காசு அதில் மாட்டினால் அன்றைய யூனிட் கதி அதோகதி. உன் பணத்தை வங்கிக் கணக்கில் போடச் சொல்.

எம்.ஆர். ராதாவின் நாடகங்களுக்குத் தடைமேல் தடை வந்தது. 1954இல் வந்த நாடகச் சட்டமே அவரை மனதில் வைத்துத்தான் என்று இன்றைக்கும் பேச்சு. அந்தச் சட்டத்தின் முக்கியப் பிரிவுகளை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது 2013இல்தான். ராதா தாக்குப்பிடித்ததற்கு அவருடைய வாய்த்துடுக்கைக் காரணமாகச் சொல்வார்கள். எனக்கென்னவோ சொந்த நாடகக் குழு கையில் இருந்ததுதான் காரணமாகப் படுகிறது. சினிமா கம்பெனி கூப்பிடாவிட்டாலும் ராத்திரி நாடகம் உண்டு, வசூல் உண்டு. உனக்கு அப்படி என்ன இருக்கிறது? குரல் இருக்கிறது. டப்பிங் யூனியன் கார்டு வாங்கு என்று எத்தனை தடவை சொல்வது!

விட்டுப்போன ஷாட்டுகளை எடுக்கும் பேட்ச் ஒர்க் இரண்டு நாள் பாக்கி என்றாயே. முன்பு எடுத்ததோடு முகம் ஒத்துப்போக வேண்டும். முகத்தை நேராகவும் இரு பக்கமும் போட்டோ எடுத்து வைத்துக்கொள். மேடைக்குப் போவதானால் தாடியோடே போ, அவர்கள் எவ்வளவு சொன்னாலும் மழித்துவிடாதே.

அப்பா