ஆட்டம் முடிந்து வெளியே வரும் குழந்தைக்காக: செஸ் பெற்றோர்களுக்கு ஒரு திறந்த மடல்

சென்னையில் செஸ் விளையாடும் குழந்தைகளின் பெற்றோர்களுக்கு,

வணக்கம். வார இறுதிப் போட்டிகளில் நடுவராக நிற்கும் என்னை உங்களில் பலருக்கு முகம் பார்த்தால் தெரியும். போனை அணைக்கச் சொல்பவன், சுற்று தொடங்கியதும் உங்களை அரங்கை விட்டு அனுப்புபவன். அதற்கு மேல் உங்களிடம் நான் பேசியதில்லை. இப்போது பேச வேண்டியிருக்கிறது.

சென்ற மாதம் புறநகர்ப் பள்ளி ஒன்றில் ஒன்பது வயதுக்கு உட்பட்டோருக்கான போட்டி. நான்காவது சுற்றில் ஒரு சிறுமி தோற்றாள். எதிராளிக்குக் கை கொடுத்தாள், நகர்த்தல்களைக் குறித்து வைக்கும் ஸ்கோர் ஷீட்டில் கையெழுத்துப் போட்டாள், காய்களை அடுக்கி வைத்தாள். ஆனால் எழுந்து போகவில்லை. அருகில் போனேன். "அங்கிள், எல்லாரும் முடிக்கிற வரைக்கும் இங்கேயே உட்கார்ந்துக்கட்டுமா?" என்று கேட்டாள். கம்பிக் கதவுக்கு அந்தப் பக்கம் அவள் அப்பா நின்றிருந்தார். ஆட்டம் முடிந்தவர்கள் அரங்கில் இருக்கக் கூடாது என்பது விதி. அனுப்பிவிட்டேன். சற்று நேரம் கழித்து எட்டிப் பார்த்தால், மாடிப்படியில் உட்கார்ந்து அவர் ஸ்கோர் ஷீட்டில் இருந்ததை ஒவ்வொரு நகர்த்தலாகப் போனில் ஏற்றி, "இங்கே உனக்கு பிளஸ் மூணு இருந்திருக்கு, எப்படி விட்டே?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். மூன்று சிப்பாய் அளவுக்கு அவள் கை ஓங்கியிருந்தது என்று போன் போடும் கணக்குதான் அந்த பிளஸ் மூணு. சாப்பாட்டுப் பை பிரிக்காமல் பக்கத்திலேயே கிடந்தது. அடுத்த சுற்றில் அந்தப் பெண் கால் மணி நேரத்தில் தோற்று எழுந்துவிட்டாள். அவளை வெளியே அனுப்பியவன் நான்தான் என்பது இன்னும் உறுத்துகிறது.

அந்த அப்பா கெட்டவர் இல்லை. ஞாயிற்றுக்கிழமைத் தூக்கத்தையும், நுழைவுக் கட்டணத்தையும், மாதாமாதம் கோச்சிங் பணத்தையும் மகளுக்காகக் கொடுப்பவர். 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் டிங் லிரனை வென்று 18 வயதில் குகேஷ் உலகச் சாம்பியன் ஆனபோது, பலகை முன் அவர் கண்ணீர் விட்டதை நாம் எல்லோரும் பார்த்தோம். நானும் அழுதேன். நம்ம ஊர்ப் பிள்ளை. ஆனால் அந்த வாழ்க்கையிலிருந்து நாம் எடுத்துக்கொண்டது வயதை மட்டும்தான் என்பதுதான் என் வருத்தம்.

அந்த வயதுக் கணக்கையே கொஞ்சம் பார்ப்போம். 2016இல் பிரக்ஞானந்தா 10 வயதில் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனார். செஸ்ஸின் மிக உயர்ந்த பட்டமான கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம் அது. உலகின் மிக இளைய கிராண்ட்மாஸ்டர் என்ற, செர்கேய் கர்யாகின் என்ற வீரரின் சாதனையை அவர் முறியடிப்பாரா என்று ஊரே நாள் எண்ணியது. சில மாதங்களில் தவறியது. பட்டம் 2018 ஜூனில் வந்தது. அடுத்து குகேஷ். 2019 ஜனவரியில் அவர் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது அதே சாதனை வெறும் 17 நாளில் கை நழுவியது. 2021இல் அதை அமெரிக்கச் சிறுவன் அபிமன்யு மிஸ்ரா முறியடித்துவிட்டான். அந்த 17 நாளால் குகேஷுக்கு என்ன குறைந்தது?

பிரக்ஞானந்தாவின் அக்கா வைஷாலியின் கதையை நான் பெற்றோர்களிடம் அடிக்கடி சொல்வேன். டி.வி. பார்ப்பதைக் குறைக்க வீட்டில் அவரை செஸ் வகுப்பில் சேர்த்தார்கள். அக்காவைப் பார்த்துத் தம்பி ஒட்டிக்கொண்டார். நான்கு வயது இளைய தம்பி 12 வயதில் கிராண்ட்மாஸ்டர். அக்காவுக்கு அந்தப் பட்டம் வந்தது 2023 டிசம்பரில், 22 வயதில். இடையில் ஐந்தரை வருடம். தம்பி உலகம் முழுக்கப் பேசப்பட்ட அந்த ஐந்தரை வருடமும் அதே வீட்டில் அவர் பலகையை விட்டு எழவில்லை. 2024இல் டொரன்டோவில், உலகச் சாம்பியனோடு மோதப்போவது யார் என்று தீர்மானிக்கும் கேண்டிடேட்ஸ் போட்டியில் தொடர்ந்து நான்கு ஆட்டம் தோற்றார். அப்புறம் கடைசி ஐந்து ஆட்டங்களையும் வென்று இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார். 2025 ஆகஸ்டில் சென்னையிலேயே நடந்த கிராண்ட்மாஸ்டர்ஸ் போட்டியில் தோல்வி மேல் தோல்வி. அடுத்த மாதமே சமர்கண்டில் பெண்கள் கிராண்ட் ஸ்விஸ் பட்டத்தை இரண்டாவது முறையாக வென்றார். இவர்களுடைய அம்மா நாகலட்சுமி, வெளிநாட்டுப் போட்டிகளுக்கும் பாத்திரத்தோடு போய் ரசம் சாதம் செய்து கொடுத்தவர். நான்கு ஆட்டம் தோற்ற பிள்ளைக்கு என்ன தேவை என்று யோசிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த ரசம் சாதம்தான் நினைவுக்கு வரும்.

ஆனந்த் 2013 நவம்பரில் இதே சென்னையில், சொந்த ஊர்க்காரர்கள் முன்னால், ஓர் ஆட்டம்கூட வெல்லாமல் நார்வேயின் கார்ல்சனிடம் உலகப் பட்டத்தை இழந்தார். அவ்வளவுதான் என்றார்கள். நான்கே மாதத்தில் கேண்டிடேட்ஸ் போட்டியை வென்று திரும்பி வந்தார். 2017இல், 48 வயதில், வேக ஆட்டமான ரேபிட்டில் உலகச் சாம்பியன்.

சரி, போனுக்கு வருகிறேன். குகேஷின் பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா, ஏறக்குறைய கிராண்ட்மாஸ்டர் நிலையை எட்டும் வரை அவரை இன்ஜின், அதாவது நகர்த்தல்களை எடைபோடும் கணினி நிரல், பக்கமே விடவில்லை. தப்பைத் தானே தேடிக் கண்டுபிடிக்கும் பழக்கம் முதலில் வரட்டும் என்பதற்காக. உலகச் சாம்பியனுக்கே அப்படி என்றால், இப்போதுதான் ஆடத் தொடங்கியிருக்கும் குழந்தைக்குத் தோற்ற ஐந்தாவது நிமிடத்தில் பிளஸ் மூணு எதற்கு? அந்த எண்ணில் குழந்தைக்குத் தெரிவது அப்பாவின் ஏமாற்றம் மட்டும்தான்.

பள்ளியை நிறுத்தலாமா என்று என்னிடம் கேட்பவர்களும் அதிகமாகிவிட்டார்கள். குகேஷ் நான்காம் வகுப்போடு முழுநேரப் பள்ளியை விட்டது உண்மை. கூடவே, மகனோடு பயணம் போகக் காது மூக்குத் தொண்டை மருத்துவரான அவர் அப்பா தன் தொழிலையே நிறுத்தி வைத்தார் என்பதும், அம்மாவின் சம்பளத்தில் வீடு ஓடியது என்பதும் உண்மை. ஆனந்த் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனபின்னும் லயோலாவில் வணிகவியல் பட்டத்தை முடித்தார். அந்த வழியும் இருக்கிறது. ஒன்பது வயதுப் பிரிவில் ஒரு கோப்பை வந்ததும் முடிவெடுக்காதீர்கள். உங்களுக்கு வேண்டியவராக இல்லாத, உள்ளதை உள்ளபடி சொல்லும் ஒரு பயிற்சியாளரிடம் கேளுங்கள். பிள்ளையிடமும் கேளுங்கள்.

வரும் ஞாயிறு அதே பள்ளியில் இன்னொரு போட்டி. அமைப்பாளர்களிடம் பேசி, ஆட்டம் முடிந்த குழந்தைகள் உட்கார அரங்கை ஒட்டி ஓர் அறை வாங்கியிருக்கிறேன். உங்களுக்கு நாற்காலிகள் கீழே, வேப்பமரத்தடியில். தயவுசெய்து கதவருகே நிற்காதீர்கள். பிள்ளை தானாக இறங்கி வரட்டும். வந்ததும் முதலில் சாப்பாடு. ஸ்கோர் ஷீட்டை மறுநாள் கோச் பார்த்துக்கொள்ளட்டும்.

பதிவுப் பட்டியலைப் பார்த்தேன். அந்தச் சிறுமியின் பெயர் இருக்கிறது. முதல் சுற்று ஒன்பதரைக்கு.

அன்புடன்,
ஒரு போட்டி நடுவர்,
சென்னை