வாய் கோணினால் காதையும் பாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வாய் ஒரு பக்கம் கோணி, அந்தப் பக்கத்துக் கண்ணும் மூடாமல் போனால், "பனிக்காற்று பட்டிருக்கும், தானாகச் சரியாகிவிடும்" என்று தேற்றுவது நம்மிடம் வழக்கம். பெரும்பாலும் அது பெல்ஸ் பால்சி எனப்படும் முகவாதம். பத்துப் பேரில் ஏழு பேர் மருந்தில்லாமலே தேறிவிடுவார்கள் என்பதால் அந்தத் தேறுதலும் பலித்ததுபோல் இருக்கும். ஆனால் அதே கோணலோடு காதில் அக்கிக் கொப்புளம் இருந்தால் நோய் வேறு; அது ராம்சே ஹன்ட் நோய். அதற்குக் காத்திருக்க நேரமில்லை. முகவாதம் பற்றி வெளியிடும்போதெல்லாம் காதைப் பார்க்கச் சொல்லி ஒரு வரி சேருங்கள் என்று கேட்கவே இதை எழுதுகிறேன்.

முகத்தை அசைக்கும் ஏழாவது மூளை நரம்பு, காது எலும்புக்குள் ஒரு குறுகிய குழாய் வழியாக வளைந்து வளைந்துதான் வெளியே வருகிறது. உட்காதின் நத்தைச் சுருளுக்கு அருகே அது மண்டியிட்டதுபோலச் சட்டென்று பின்னோக்கி மடங்கும். அந்த மடிப்பில் உள்ள சிறு புடைப்புதான் அதன் உணர்ச்சி நரம்பு முடிச்சு. முழங்காலைக் குறிக்கும் லத்தீன் சொல்லை வைத்து ஜெனிகுலேட் முடிச்சு என்பார்கள். முகத் தசைக்கான இழைகளும், கண்ணீரையும் எச்சிலையும் சுரக்கவைக்கும் இழைகளும் இதைத் தாண்டிப் போகின்றனவே தவிர, இங்கே நிற்பதில்லை. இங்கே குடியிருப்பவை உணர்வு செல்கள் மட்டுமே. ஒவ்வொன்றிலிருந்தும் ஒரே காம்பு கிளம்பி இரண்டாகப் பிரியும். ஒரு கிளை மூளைத்தண்டுக்குப் போகும். மற்றது நாக்கின் முன்பக்க மூன்றில் இரண்டு பங்குக்கோ, அண்ணத்துக்கோ, காதுமடலின் நடுக்குழித் தோலுக்கோ போகும். முகத்தின் தொடு உணர்வு ஐந்தாவது நரம்பின் வேலை. இந்த முடிச்சின் பங்குக்கு வருவது சுவையும், காதோரத்தில் விரல்நுனி அளவுத் தோலும்தான்.

சின்னம்மை வந்து போனபின் அதன் வைரஸ் இப்படிப்பட்ட முடிச்சுகளில் பல்லாண்டுகள் உறங்கும். வயதானாலோ எதிர்ப்பாற்றல் குறைந்தாலோ விழித்து, உணர்வு இழை வழியே இறங்கித் தோலில் கொப்புளமாக வரும். அதுதான் அக்கி. அதனால்தான் கொப்புளம் கன்னத்தில் வராமல் காதில் வருகிறது. முடிச்சு வீங்கும்போது பக்கத்தில் ஓடும் தசை இழைகள் நசுங்குகின்றன. முடிச்சுக்குச் சற்று முன்னால், எலும்புக் குழாயின் வாசல் ஏறத்தாழ 0.7 மில்லிமீட்டர்தான். எலும்பு விரிந்து கொடுக்காது. ஒட்டி வரும் எட்டாவது நரம்பும் பாதிக்கப்பட்டால் தலைசுற்றல், காதிரைச்சல், செவிட்டுத்தன்மை சேரும். 1907-இல் இதை விவரித்த அமெரிக்க நரம்பியல் மருத்துவரின் பெயரால் ராம்சே ஹன்ட் நோய் என்கிறோம்.

பார்ப்பது எளிது. காதுமடலை மேலும் பின்னும் இழுத்து, டார்ச் அடித்து நடுக்குழியையும் துவாரத்தின் வாயையும் பாருங்கள். வாயைத் திறக்கச் சொல்லி அண்ணத்தையும் நாக்கின் முன்பகுதியையும் பாருங்கள். காதுக்குள் ஆழமாகக் குத்தும் வலி இருந்து, கொப்புளம் தெரியாவிட்டால் ஒரு வாரம் தினமும் பாருங்கள். சிலருக்கு வாய் கோணிச் சில நாள் கழித்தே கொப்புளம் வரும். சிலருக்கு வராமலே போவதும் உண்டு. நெற்றி சுருங்குகிறது, வாய் மட்டும் கோணுகிறது, அல்லது கைகால் தளர்கிறது, பேச்சு குழறுகிறது என்றால் அது பக்கவாதமாக இருக்கலாம். உடனே 108-ஐ அழையுங்கள்.

அக்கி எழுதுவது நம் ஊர்களில் தொன்றுதொட்டு வருவது. ஆனால் காதில் காவி பூசினால் மருத்துவர் பார்க்க வேண்டிய கொப்புளமே மறைந்துவிடும். எண்ணெய் காய்ச்சி ஊற்றுவதும், மருந்துக்கு முன்பே கரண்ட் வைக்கப் போவதும் நாளைத்தான் கடத்தும்.

நாள்தான் இங்கே எல்லாம். 80 பேரை வைத்து ஜப்பானில் நடந்து 1997-இல் வெளியான ஆய்வில், 3 நாளுக்குள் மருந்து தொடங்கியவர்களில் நூற்றுக்கு 75 பேருக்கு முகம் முழுதாகத் திரும்பியது. 7 நாள் கடந்தவர்களில் 30 பேருக்குத்தான். பெரியவர்களுக்கு வழக்கமாக அசைக்ளோவிர் 800 மில்லிகிராம் தினம் 5 வேளை, 7 முதல் 10 நாள். கூடவே ஸ்டீராய்டு மாத்திரை. ஐந்து வேளையை மூன்றாகச் சுருக்கினால் ரத்தத்தில் மருந்தின் அளவு இறங்கிவிடும். ஸ்டீராய்டால் சர்க்கரை ஏறும். சிறுநீரகம் பழுதானவர்களுக்கு அசைக்ளோவிர் அளவைக் குறைக்க வேண்டும். ஆகவே கடையில் கேட்டு வாங்கும் மருந்தல்ல இது.

தாமதமானால் கோணல் தங்கலாம். நரம்பு திரும்ப வளரும்போது எச்சில் சுரப்பிக்குப் போக வேண்டிய இழை வழி தவறிக் கண்ணீர்ச் சுரப்பிக்குப் போய், சாப்பிட உட்கார்ந்தால் கண்ணீர் வழிவதும் உண்டு.

கண்ணை மறக்கவே கூடாது. மூடாத கண் காய்ந்து கருவிழி புண்ணாகும். விழித்திருக்கும்போது ஒன்றிரண்டு மணிக்கொரு முறை செயற்கைக் கண்ணீர்ச் சொட்டு விடுங்கள். இரவில் கண் களிம்பு இட்டு, இமையை முழுக்க மூடியபின் டேப் ஒட்டுங்கள். திறந்த கண்மேல் பஞ்சு வைத்துக் கட்டினால் பஞ்சே கருவிழியை உரசும்.

கொப்புளம் காய்ந்து பொருக்குத் தட்டும்வரை கர்ப்பிணிகளும், கைக்குழந்தைகளும், சின்னம்மை வராதவர்களும் அந்த நீரைத் தொடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். முன்பு சின்னம்மை வராதவர்களாக இருந்தால் அவர்களுக்குச் சின்னம்மையே வந்துவிடலாம்.

இப்படிக்கு,
காது மூக்கு தொண்டை மருத்துவர் ஒருவர்,
திருச்சி