நொறுங்கிய டம்ளர்

அன்புள்ள மகளுக்கு,

உன் குறும்படத்தை முந்தாநாள் இரவே பார்த்துவிட்டேன். உடனே எழுதக் கை வரவில்லை. தரையெல்லாம் கண்ணாடிச் சில்லுகள், நடுவே அந்தச் சின்னப் பாதங்கள். பார்த்ததும் பதறிப்போய் அப்பாவிடமும் சொன்னேன். காலையில் மறுபடி ஓட்டிப் பார்த்தால் ஒரு சில்லுகூட இல்லை! மேசைமேல் டம்ளர் இருக்கிறது. அடுத்த ஷாட்டில் மேசை வெறுமையாகக் கிடக்கிறது. பிறகு பாதங்கள். இடையில் உன் குரல், "டம்ளர் நொறுங்கிய அன்று" என்கிறது. அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு மிச்சத்தையெல்லாம் நானே பார்த்திருக்கிறேன்.

கல்லூரி நாட்களில் நீ சொன்ன ஆய்வு நினைவுக்கு வந்து, தேடிப் படித்தேன். 1974இல் எலிசபெத் லாஃப்டஸ், ஜான் பாமர் என்ற உளவியல் ஆய்வாளர்கள் ஒரு கார் விபத்துப் படத்தைக் காட்டிவிட்டு, கார்கள் "மோதியபோது" என்ன வேகம் என்று 50 பேரிடமும், "மோதி நொறுங்கியபோது" என்ன வேகம் என்று வேறு 50 பேரிடமும் கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்ததாக முதல் குழுவில் 7 பேரும் இரண்டாவதில் 16 பேரும் சொன்னார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. நானும் அந்தப் பதினாறு பேரோடு சேர்ந்துவிட்டேன்.

அதன்பிறகுதான் உன் படத்தில் வாசலில் வரும் அந்த அம்மாவைப் பார்க்கத் துணிந்தேன். ஒருமுறை கையை ஓங்குகிறாள், ஒருமுறை பிள்ளையை வாரி எடுக்கிறாள், ஒருமுறை வரவே இல்லை. அன்று உன்னைத் தூக்கிக்கொண்டதாகத்தான் இத்தனை வருடமும் நம்பியிருக்கிறேன். உனக்கு ஓங்கிய கை நினைவிருக்கிறது போலும். இல்லாத சில்லுகளைப் பார்த்த கண்ணை வைத்துக்கொண்டு உன்னிடம் எப்படி வாதாடுவேன்? அடித்திருந்தால் மன்னித்துவிடு, கண்ணே.

முடிவில் "உண்மையில் நடந்தது இதுதான்" என்று எழுத்துப் போடப் போவதாகச் சொன்னாயே, அது வேண்டாம். மூன்றுக்கும் ஒரே கோணம், ஒரே வெளிச்சம் வைத்திருக்கிறாய். அதனால்தான் எதையும் கனவு என்று ஒதுக்க முடியவில்லை. மூன்றாவதில் மட்டும் வரும் சோக இசையையும் எடுத்துவிடு. அது எங்களுக்கு முன்பே தீர்ப்புச் சொல்லிவிடுகிறது.

திருத்திய பிரதியை அனுப்பு. இந்த முறை முதலில் ஒலியை அணைத்துவிட்டுப் பார்க்கப் போகிறேன். அப்பாவையும் பக்கத்தில் உட்காரவைத்து, தான் கண்டதை என்னிடம் சொல்லாமல் தனியாக உனக்கு எழுதச் சொல்கிறேன்.

அன்புடன்,
அம்மா