பாலாற்று மணலை அளந்து பாருங்கள்: நீர்வளப் பொறியாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

பாலாற்றைக் கவனித்துக்கொள்ளும் நீர்வளப் பொறியாளர்களுக்கு வணக்கம்.

அடுத்த தடுப்பணைக்கு இடம் பார்க்கும்போது ஆற்று மணலில் ஊறும் நீரை வயலுக்குக் கொண்டுவரும் ஊற்றுக்கால்வாய்களின் தலைப்புகளையும், அதாவது அவை தொடங்கும் இடங்களையும், சேர்த்துப் பாருங்கள் என்று கேட்கவே இதை எழுதுகிறேன்.

காஞ்சிபுரத்துக்குக் கீழே, ஆற்றின் தென்கரையில் எங்கள் நிலம் இருக்கிறது. ஏரிப் பாசனம் கிடையாது. ஆற்றுக்குள்ளிருந்து வரும் ஊற்றுக்கால்வாயை நம்பித்தான் அப்பா சொர்ணவாரி என்ற கோடைப் பட்டத்து நெல் வைப்பார். சித்திரை வெயிலில் ஆறு முழுக்க மணல் தகிக்கும்போது வயலில் நாற்று பச்சையாக நிற்கும். வெளியூர் உறவினர்கள் வந்தால், இந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று நம்பாமல் கேட்பார்கள்.

உங்களுக்குத் தெரிந்ததுதான், ஆனாலும் என் வார்த்தையில் சொல்கிறேன். ஆற்று மணலில் ஏறக்குறைய கால் பங்குக்கு மேல் வெற்றிடம். வெள்ளம் போகும்போது அது நிரம்பிவிடும். மேல் மணல் காய்ந்த பிறகும் அடியில் தண்ணீர் மெல்லக் கிழக்கே நகர்ந்துகொண்டே இருக்கும். வெயில் அதைத் தொட முடியாது. ஆற்றின் மேல்பக்கத்தில், மணலுக்குள் நீர்மட்டத்துக்குக் கீழே வரை பள்ளம் தோண்டி, அங்கிருந்து ஆற்றின் வாட்டத்தை (சரிவை) விடக் குறைந்த வாட்டத்தில் கால்வாய் எடுத்தால், கொஞ்ச தூரம் போனதும் கால்வாய் கரைமட்டத்துக்கு வந்துவிடும். மோட்டார் வேண்டாம், டீசல் வேண்டாம். வெள்ளத்தில் மணல் மூடிவிடும் என்பதால் ஒவ்வொரு வருஷமும் தை, மாசியில் ஊரே மண்வெட்டியோடு ஆற்றுக்குள் இறங்கும். எந்த வீட்டுக்கு எத்தனை ஆள், யாருக்கு எந்த முறையில் தண்ணீர் என்பதெல்லாம் ஊருக்குத் தண்ணீர் பங்கிடும் நீர்க்கட்டியின் கணக்கு. சின்ன வயதில் அப்பாவுக்குக் கஞ்சி எடுத்துப்போய், அந்தக் கால்வாயில் கால் நனைத்தபடி உட்கார்ந்திருப்பேன். தண்ணீர் கண்ணாடி மாதிரி இருக்கும்.

இப்போது அந்தக் கால்வாய் தரையில் ஒரு கோடு, அவ்வளவுதான். அது செத்தது மழை பெய்யாததால் அல்ல. தலைப்புக்குப் பக்கத்தில் லாரி லாரியாக மணல் போனது. ஆற்றின் தரை கால்வாயின் தரைக்கும் கீழே இறங்கிவிட்டது. அப்புறம் எத்தனை வெள்ளம் வந்தாலும் அந்த வாய்க்குத் தண்ணீர் ஏறாது. யார் அள்ளினார்கள் என்ற பேச்சை இந்த மடலில் எடுக்கவில்லை. எவ்வளவு போயிருக்கிறது என்று அளக்க வேண்டும், அதுதான் என் கவலை.

நந்தி மலையில் பிறக்கும் இந்த ஆற்றின் 348 கிலோமீட்டரில் 222 நம் மாநிலத்தில் ஓடுகிறது. மேலே கர்நாடகத்திலும் ஆந்திரத்திலும் தடுக்கிறார்கள் என்பது பழைய வழக்கு, சென்னை மாகாணமும் மைசூரும் செய்த 1892 ஒப்பந்தத்திலிருந்து பேசுகிறோம். அதைப் பேசத்தான் வேண்டும். ஆனால் 2021 நவம்பரில் பாலாறு அணைக்கட்டில் நொடிக்கு ஒரு லட்சம் கன அடிக்கு மேல் வந்ததே, அது நம் கைக்கு வந்த தண்ணீர். அந்த அளவு ஒரே ஒரு நாள் ஓடினால் 8.64 டி.எம்.சி. ஆகிறது (ஒரு டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி). செம்பரம்பாக்கம் ஏரியின் முழுக் கொள்ளளவே 3.645 டி.எம்.சி.தான். அப்படி ஒரு வெள்ளத்தைப் பிடித்து வைக்க நமக்கு இருக்கும் பெரிய பாத்திரம் மணல்தான். அது ஒவ்வொரு அடியாகக் குறையும்போது நாம் ஒரு நீர்த்தேக்கத்தைத் துண்டு துண்டாக இழக்கிறோம்.

முன்னோர் ஏரி, மணல் ஊற்று இரண்டையும் வைத்துக்கொண்டிருந்தார்கள். பரமேசுவரவர்மப் பல்லவன் காலத்துக் கூரம் செப்பேடு, பாலாற்றிலிருந்து பெரும்பிடுகு என்ற கால்வாய் வெட்டி ஏரிக்கு நீர் கொண்டுபோனதைச் சொல்கிறது. 1858-இல் கட்டிய பாலாறு அணைக்கட்டு இன்றும் காவேரிப்பாக்கம், மகேந்திரவாடி ஏரிகளுக்குத் தண்ணீர் திருப்புகிறது. வெள்ளத்துக்கு ஏரி, கோடைக்கு மணல் ஊற்று. வாயலூரிலும் ஈசூர்–வள்ளிபுரத்திலும் நீங்கள் கட்டிய தடுப்பணைகளுக்கு நன்றி சொல்ல வேண்டும். உப்புநீர் ஏறிய முகத்துவாரப் பக்கத்துக்கு வாயலூர் தடுப்பணை பெரிய ஆறுதல். ஆனால் மணல் இல்லாத பள்ளத்தில் தேக்கும் தண்ணீர் வெயிலுக்குத்தான் போகும்.

ஆற்றைக் கெடுக்கும் தோல் தொழிற்சாலைக் கழிவைப் பற்றித் தனியாக எழுத வேண்டும். 1996-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பு சொன்ன விஷயம் அது. இங்கே ஒன்று மட்டும். மணலுக்குள் நிற்கும் தண்ணீரைத்தான் கரையோர ஊர்களிலும் கல்பாக்கத்திலும் கிணறு வைத்து எடுக்கிறோம். அது கெட்டால் கழுவி விட வழியில்லை.

நான் கேட்பது இவைதான். ஒவ்வொரு பருவமழை முடிந்ததும் ஆற்றின் குறுக்கே மட்டம் எடுத்து, போன வருஷத்தோடு ஒப்பிட்டு, அந்தந்தக் கிராம சபையில் வையுங்கள். வருவாய்ப் பதிவேட்டிலும் பழைய வரைபடத்திலும் இருக்கும் ஊற்றுக்கால்வாய்களைத் தேடி, தலைப்பு எங்கே, இன்றைய ஆற்று மட்டம் எங்கே என்று குறியுங்கள். மீட்க முடிகிற கால்வாய்களின் மேல்பக்கம் தரையடித் தடுப்புச் சுவரா, தாழ்ந்த தடுப்பணையா, எது மணலைத் திரும்பச் சேர்க்கும் என்று நீங்கள் சொல்லுங்கள். அந்தப் படிப்பு எங்களுக்கு இல்லை. ஆனால் தலைப்பின் மேலும் கீழும் ஒரு கூடை மணல்கூட எடுக்கக் கூடாது. இதில் மட்டும் விட்டுக்கொடுக்காதீர்கள்.

வெள்ளம் வடிந்ததும் தை மாதத்தில் லெவல் கருவியோடு வாருங்கள். எங்கள் ஊர் நீர்க்கட்டிக்கு எண்பது வயது தாண்டிவிட்டது. கால்வாயின் வாய் எங்கே இருந்தது, எத்தனை முழம் ஆழத்தில் ஊற்று கிடைக்கும் என்று அவர் நடந்துவந்து காட்டுவார். காலையில் சீக்கிரம் வந்தால் நல்லது. வெயில் ஏறிவிட்டால் அவரால் மணலில் நடக்க முடியாது.

இப்படிக்கு,
பாலாற்றின் தென்கரை விவசாயி ஒருவர்