பெட்டி விஷயமாக இன்னொரு தடவை

அன்பு மகனுக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். நீயும் நலமாக இருக்க வேண்டும்.

இதைக் கையால் எழுதி, நானே போட்டோ எடுத்து அனுப்புகிறேன். பொறுமையாகப் படி. போனில் பேசலாம் என்றால் பக்கத்தில் அம்மா வந்து நின்றுவிடுவாள். நீயும் எடுப்பதில்லை. "பிஸி அப்பா" என்று ஒரு வரி வரும், இல்லையென்றால் கட்டைவிரல் படம் வரும். மூன்று மாதமாக அதைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறோம்.

ஊரில் ஆடிக் காற்று ஆரம்பித்துவிட்டது. பழைய பச்சைத் தோட்டாப் பெட்டியில் அம்மா இன்னும் கூழ்வடகம்தான் போட்டு வைக்கிறாள். சித்திரையில் பிழிந்தது, இன்றுவரை நமுத்துப்போகவில்லை. மூடிக்குள் ரப்பர் அப்படியே இருக்கிறது. கொக்கியில் மாட்டி உன் நகம் கறுத்துப்போனதே, அந்தக் கொக்கியும் அப்படியே இருக்கிறது. உன் கேமரா வந்து சேர்ந்தது. உன் சிநேகிதர் நேரிலேயே கொண்டுவந்து கொடுத்தார். அத்தை பையன் அதைக் கழுத்திலிருந்து கழற்றவில்லை. நான்தான் அதைத் தொட்டுப் பார்க்கவில்லை.

நான் எழுத வந்தது உன் பெட்டிகளைப் பற்றி, ரைஃபிளில் செருகுகிற தோட்டாக் கூடுகளை, அதான் மேகசின்களை, நீ வைத்திருக்கிற பெட்டிகள்.

சித்திரையில் படம் அனுப்பி, "அப்பா, மேகசினை எப்படி அடுக்கினா நல்லது? நீங்கதானே கோட் என்.சி.ஓ." என்று கேட்டாய். பட்டாளத்தில் ஆயுத அறையைத்தான் கோட் என்போம், அதற்குப் பொறுப்பு நான். அன்று எனக்கு எப்படி இருந்தது என்று உன்னிடம் சொல்லவில்லை. படிப்பு, வேலை, வீடு எதற்கும் நீ என்னைக் கேட்டதில்லை. எல்லாவற்றையும் நீயே பார்த்துக்கொண்டாய், அதில் எனக்குப் பெருமைதான். ஆனால் இருபத்து நாலு வருஷம் நான் செய்த வேலையைப் பற்றி நீ கேட்ட முதல் கேள்வி அது. மறுநாள் கேன்டீன் வரிசையில் கம்மவான்பேட்டை சுபேதாரிடம் போனைக் காட்டினேன். அவர் கண்ணாடி போட்டுக்கொண்டு பார்த்து, "அடுக்கின விதத்திலேயே தெரியுது, உங்க பையன்தான்" என்றார்.

அந்தச் சந்தோஷத்தில்தான் அவ்வளவு நீளமாகப் பதில் போட்டேன். சொன்னதில் ஒன்றும் தப்பில்லை. மேகசின்களை நிறுத்தி வை, வளைவு எல்லாம் ஒரே பக்கம் இருந்தால் ஒன்றின் முதுகில் ஒன்று ஒட்டிக்கொண்டு உட்காரும் என்றேன். ஒன்று விட்டு ஒன்று தலைகீழாகச் செருகினால் இன்னும் ஒன்றிரண்டு கூடப் பிடிக்கும். ஆனால் அப்போது வாய்ப்பக்கம் அடித்தகட்டில் போய் உட்காரும், அதற்குக் கீழே ஒரு அட்டை போட வேண்டும். அலுமினிய மேகசினின் உதடு மயிரிழை நெளிந்தாலும் தோட்டா ஏறாமல் மக்கர் பண்ணும். ஹூஸ்டன் காற்றும் சென்னைக் காற்று மாதிரிதான் என்று நீயே சொல்லியிருக்கிறாய். மழை நாளில் திறந்து மூடினால் ஈரத்தை உள்ளே வைத்துப் பூட்டியதாகிவிடும். அதனால் ரப்பரைத் துடைத்துவிட்டு ஒரு பை சிலிக்கா ஜெல் போடு, நீலம் ரோஸாக மாறினால் எடுத்து ஓவனில் சூடு காட்டு என்றேன். நிரப்பின மேகசின் ஒன்று அரைக் கிலோவுக்குப் பக்கம் வரும், பதினைந்து வைத்தால் பெட்டியோடு பத்துக் கிலோ, மேல்தட்டில் வைக்காதே என்றேன்.

அப்புறம் நீ கேட்டாய், நிரப்பியே வைத்திருந்தால் ஸ்பிரிங் தளர்ந்துவிடாதா என்று. தளராது, நிரப்புவதும் காலி பண்ணுவதுமாக இருந்தால்தான் தேயும், தைரியமாக நிரப்பியே வை என்று எழுதினேன். அதுவும் சரியான பதில்தான். ஆனால் அதை நான் எழுதியிருக்கக் கூடாது.

காலி பண்ணி வை, தம்பி. எல்லாவற்றையும். உட்கார்ந்து ஒவ்வொரு தோட்டாவாகக் கட்டைவிரலால் தள்ளி எடு. ஸ்பிரிங் தேய்ந்தால் தேயட்டும். காலி மேகசின் ஒரு பெட்டியில், தோட்டா வேறு பெட்டியில், ரைஃபிள் மூன்றாவது இடத்தில் இருக்கட்டும். எங்கள் கோட்டில் அப்படித்தான் வைத்திருந்தோம். தோட்டா இருந்தது வேறு கட்டடம். பூட்டுக்கு இரண்டு சாவி, இரண்டும் ஒரே ஆள் கையில் இருக்காது. அவசரத்துக்கு உதவாதே என்று புதுசாக வந்த பையன்கள் முணுமுணுப்பார்கள். ஒருத்தன் நினைத்த மாத்திரத்தில் எடுக்க முடியக் கூடாது என்பதற்காகத்தான் அந்த ஏற்பாடு.

பாப்பாவுக்கு ஆறு வயசு. அந்த வயசில் நீ பச்சைப் பெட்டியைத் திறக்கப் பார்த்துத்தான் விரலை நசுக்கிக்கொண்டாய். பிள்ளைகள் எதையும் திறக்கும். அதனால் காலி பண்ணி வை.

இந்தக் காரணத்தை எழுதிவிட்டு நேற்று ராத்திரி பேனாவை மூடிவிட்டேன். அது முழு உண்மை இல்லை. பாப்பா இப்போது அங்கே இல்லை. மருமகள் பாப்பாவைக் கூட்டிக்கொண்டு நியூஜெர்சியில் அக்கா வீட்டுக்குப் போய் ஆறு வாரமாகிறது என்று சம்பந்தி போன் பண்ணிச் சொன்னார். உனக்குள்ளும் அவளுக்குள்ளும் என்ன என்று நான் கேட்கவில்லை, கேட்கவும் மாட்டேன். ஆனால் நீ சொல்லியிருக்கலாம். அடுத்தவர் வாயால் கேட்டுவிட்டு, எங்களுக்கும் தெரியும் என்று அவரிடம் பொய் சொன்னேன்.

இன்னொன்றும் இருக்கிறது. நீ அனுப்பிய இரண்டாவது படத்தில், பெட்டிகளுக்குப் பின்னால், சுவரோரம் ஒரு தலையணை தெரிகிறது. நீலப் பூப்போட்ட உறை, அம்மா தைத்துக் கொடுத்தது. கார் நிறுத்துகிற இடத்தில் தலையணை எதற்கு? படத்தை விரலால் இழுத்துப் பெரிசாக்கிப் பார்த்தேன். பக்கத்தில் தண்ணீர் பாட்டிலும் இருந்தது. சித்திரையிலேயே பார்த்துவிட்டேன், கேட்கவில்லை. மேகசினைப் பற்றி இரண்டு பக்கம் எழுதினேன்.

உன்னிடம் சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன். அம்மாவுக்கும் தெரியாது.

1993இல் நாங்கள் ஜம்மு பக்கம் இருந்தோம். போளூர் பக்கத்துப் பையன் ஒருத்தன், இருபத்திரண்டு வயசு, என்னை அண்ணே அண்ணே என்று சுற்றி வருவான். ஊரிலிருந்து அவனுக்கு ஒரு இன்லேண்டு லெட்டர் வந்தது. அதற்கப்புறம் மூன்று நாள் அவன் யாரிடமும் சரியாகப் பேசவில்லை. நாலாம் நாள் ராத்திரி காவல் டியூட்டிக்கு ரைஃபிள் வாங்க வந்தான். அந்த வாரம் எங்களுக்கு இன்ஸ்பெக்ஷன். நான் லிஸ்ட் எழுதிக்கொண்டிருந்தேன். ரைஃபிள் நம்பரைச் சரிபார்த்தேன், மேகசினைத் தட்டிப் பார்த்தேன், தோட்டாவை எண்ணினேன், கையெழுத்து வாங்கினேன். அவன் கையிலிருந்த எச்.எம்.டி. வாட்சைக் கழற்றி என் மேஜைமேல் வைத்தான். "லீவுல போகும்போது இதை எங்க வீட்ல குடுத்துடுங்கண்ணே" என்றான். சரி என்று டிராயரில் போட்டேன். நிமிர்ந்து பார்க்கவில்லை. இன்றைக்கும் அந்தப் பையனின் விரல் எனக்கு ஞாபகம் இருக்கிறது, வாட்ச் இருந்த இடத்தில் வெளுத்த பட்டை ஞாபகம் இருக்கிறது. அன்று ராத்திரி அவன் முகம் எப்படி இருந்தது என்று மட்டும் தெரியாது.

விடியறதுக்கு முன்னால் ஒரு சத்தம் கேட்டது. ஒன்றுதான்.

விசாரணையில் என்னைக் கேட்டார்கள், வித்தியாசமாக ஏதாவது தெரிந்ததா என்று. வழக்கம்போலத்தான் இருந்தான் என்றேன். வாட்சைப் பற்றிச் சொல்லவில்லை. சொன்னால் என் பிரமோஷன் போய்விடும் என்று பயந்தேன். என் ரெஜிஸ்டரில் ஒரு தோட்டாகூடக் கணக்கு தப்பவில்லை என்று அதிகாரி பாராட்டினார். லீவில் வந்தபோது போளூர் போய் வாட்சை அவன் அம்மாவிடம் கொடுத்தேன். உள்ளே உட்காராமல், திண்ணையிலேயே கொடுத்துவிட்டுத் திரும்பிவிட்டேன். அந்த லீவில்தான் உன்னைக் காரணமில்லாமல் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு ஊர் முழுக்கச் சுற்றினேன் என்று அம்மா இன்னும் சொல்வாள்.

கேமரா வந்த அன்று எனக்கு அந்த வாட்ச்தான் ஞாபகம் வந்தது. முதல் சம்பளத்தில் வாங்கி, உயிராக வைத்திருந்த கேமரா. நீ சும்மா ஆசைப்பட்டுக் கொடுத்திருந்தால் நல்லது, என்னைத் திட்டிக்கொள். எழுபது வயசில் எனக்கு மூளை எங்கெங்கோ போகிறது என்று சொல்லிக்கொள். ஆனால் இந்தத் தடவை நான் கேட்காமல் இருக்க மாட்டேன். உயிரை விட்டுவிடலாம் என்று எப்போதாவது தோன்றுகிறதா? தோன்றினால் என்னிடம் சொல். கோபப்பட மாட்டேன், அழ மாட்டேன், யாருக்கும் சொல்ல மாட்டேன். எனக்கே அப்படித் தோன்றிய ராத்திரிகள் உண்டு. சொல்ல ஆள் இல்லாமல் கிடந்திருக்கிறேன்.

ரைஃபிளைக் கொஞ்ச நாளைக்கு வீட்டில் வைக்காதே. காலி பண்ணி வை என்று சொன்னேன், அதுகூட வேண்டாம். உன்னோடு சுட்டுப் பழகுகிற ரேஞ்சுக்கு வருவானே அந்த மதுரைப் பையன், அவனிடம் கொடுத்துவிடு. பெட்டிகளையும் அவனிடமே கொடு. அப்பா சொன்னார் என்று சொல், காரணம் சொல்ல வேண்டாம். கிரீன் கார்டு வந்து ஆசையாக வாங்கினாய், விற்கச் சொல்லவில்லை. அப்புறம் வாங்கிக்கொள்ளலாம். அந்த நாட்டில் துப்பாக்கியால் போகிற உயிர்களில் பாதிக்கு மேல் அடுத்தவன் சுட்டுப் போவதில்லை. அதைப் படித்ததிலிருந்து எனக்குத் தூக்கம் போய்விட்டது. ராத்திரியில் மனசு கேட்கவில்லை என்றால் 988 என்று அழுத்தினால் அங்கே பேச ஆள் இருக்கிறார்களாம். எனக்கும் போடு. உனக்கு ராத்திரி என்றால் எனக்குப் பகல்தான், சும்மாதான் உட்கார்ந்திருக்கிறேன்.

கார் நிறுத்துகிற இடத்தில் படுக்காதே. உள்ளே போய்ப் படு. சாப்பிடு. தோட்டாவைக் காலி பண்ணு. ரைஃபிளைக் கொடுத்துவிடு.

2019இல் பாப்பா பிறந்தபோது எடுத்த பத்து வருஷ விசா எங்கள் இரண்டு பேருக்கும் அப்படியே இருக்கிறது. இதைப் படித்ததும் கட்டைவிரல் அனுப்பாதே, போன் பண்ணு. ஞாயிற்றுக்கிழமை வரைக்கும் பார்ப்பேன். திங்கட்கிழமை காலையில் வேலூர் போய் டிக்கெட் போட்டுவிடுவேன். வடகத்தை அம்மா தனியாகக் கட்டி வைத்திருக்கிறாள்.

அன்புள்ள,
அப்பா