வாளிமேல் உட்கார்ந்து எழுதுவது

அன்புள்ள மொட்டைக்கு,

நீ போட்ட மூன்று கடிதத்துக்கும் நான் பதில் போடவில்லை. திட்டித் தீர்த்திருப்பாய். மிச்சத்தை நேரில் வாங்கிக்கொள்கிறேன். அண்ணிக்கு முழங்கால் தேவலையா?

நாங்கள் வீட்டில் இல்லையடா. பாத்ரூம் சுவருக்குள் குழாய் உடைந்து படுக்கையறைவரை ஊறிவிட்டது. தரையைப் பெயர்த்துப் போட்டிருக்கிறார்கள். "பத்தே நாள் சார்" என்ற கொத்தனார், கான்கிரீட் முழு பலம் பிடிக்க 28 நாள் ஆகும் என்று இப்போது பாடம் எடுக்கிறார். இன்றைக்கு 23. நாலு பேரும் ஒரே ஓட்டல் அறையில். கொடுத்துவைத்தவன் என்பாய், வந்து பார்.

துவைத்த துணியைக் காய்ந்த துண்டுக்குள் சுருட்டிப் பெரியவனை ஏறி மிதிக்கச் சொல்கிறாள் அவன் அம்மா. பாதி ஈரம் துண்டுக்குப் போய்விடுகிறது. கதவோரம் சாவி அட்டையைச் செருகினால்தான் கரண்ட். ஆனால் எந்த அட்டை என்று அது பார்ப்பதில்லை, சின்னவள் கண்டுபிடித்துவிட்டாள். என் நூலக அட்டைக்கு இத்தனை வருடத்தில் இதுதான் முதல் உபயோகம். சிரிக்காதே.

எட்டரைக்கு விளக்கை அணைத்தால்தான் பிள்ளைகள் தூங்கும். அப்புறம் எங்கள் குடித்தனம் பாத்ரூமில். கமோட் மூடிமேல் அவள், கவிழ்த்த வாளிமேல் நான். சண்டைகூடக் கிசுகிசுப்பில்தான். கிசுகிசுத்துக் கோபப்பட்டுப் பார்த்திருக்கிறாயா? இரண்டு வரி தாண்டாது, சிரிப்பு வந்துவிடும்.

முந்தாநாளும் அப்படித்தான் ஆரம்பித்தோம். டைல்ஸ் சாம்பலா, வெள்ளையா? "எதையாவது போடுங்க" என்றாள். குழாயடியில் ஒட்டியிருந்த சோப்பை நகத்தால் சுரண்டிக்கொண்டே, "எனக்கு அங்க திரும்பிப் போக மனசே இல்லை. அத்தை போன அறையைப் பார்த்துக்கிட்டேதான் பதினோரு மாசமா சமைக்கிறேன். இங்க வந்துதான் ராத்திரி தூங்குறேன்" என்றாள்.

அவள் தூங்கவில்லை என்பதே எனக்குத் தெரியாதடா. பக்கத்தில்தானே படுத்திருந்தேன்! அம்மாவைக் கடைசிவரை தூக்கிக் கிடத்தியவள் அவள்தான், நீ பார்த்திருக்கிறாய். நான் அழுதேன், எல்லாரும் எனக்கு ஆறுதல் சொன்னார்கள். அவளிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நானும்தான்.

அந்த வீட்டுக்குக் கடைக்கால் தோண்டியபோது கூட நின்றவன் நீ. விற்கவும் மனசு வரவில்லை, போகலாம் வா என்று அவளைக் கூப்பிடவும் வாய் வரவில்லை. வெள்ளிக்கிழமைக்குள் டைல்ஸ் நிறம் சொல்லவேண்டுமாம். இன்னும் சொல்லவில்லை.

அறை எண் 306. பதிலை இங்கேயே போடு.

உன்,
வாளிக்காரன்